கூரைக்குக் கீழே பெய்த மழை

அக்கா பெரியபிள்ளையான சாமத்தியச் சடங்கு லண்டன் ஹரோவில் ஒரு மண்டபத்தில் நடந்தது. அப்பா இருந்தார், அம்மா இருந்தார். ரொறன்ரோவிலிருந்து மாமா வந்திருந்தார். டூட்டிங்கிலிருந்து பெரியம்மா குடும்பம் இரண்டு காரில் வந்து இறங்கியது. பாரிசிலிருந்து அப்பாவின் ஒன்றுவிட்ட தங்கை, அதாவது எங்கள் மாமி, மடியில் ஒரு கேக் பெட்டியை வைத்தபடி ரயிலில் வந்து சேர்ந்தார். கிங்ஸ்பரியில் எங்களுக்குப் பக்கத்து வீட்டுக் குஜராத்திக்காரர்கூட கோட் போட்டுக்கொண்டு முன்வரிசையில் இருந்தார். வராதவர் ஒருவர்தான், சித்தப்பா. எங்கள் வீட்டிலேயே, மாடிப்படி முடிகிற இடத்தில் இருக்கும் பெட்டி அறையில் குடியிருந்தவர். மண்டபத்துக்கு ஒரே பஸ்தான். ஆனாலும் வரவில்லை. ஆல்பத்தில் நூற்றுக்கணக்கான படங்கள் இருக்கின்றன. ஒன்றில்கூட அவர் இல்லை.

அவரை வரவிடாமல் செய்தவன் நான். அப்போது எனக்கு ஒன்பது வயது. அவருக்கு நல்லது செய்கிறேன் என்றுதான் செய்தேன்.

சித்தப்பா அப்பாவின் தம்பி. யாழ்ப்பாணத்தில் ஒரு பத்திரிகை அலுவலகத்தில் எழுத்துப்பிழை திருத்துபவராகச் சேர்ந்து, விளையாட்டுப் பக்கத்துக்குப் பாடசாலைக் கிரிக்கெட் எழுதுகிற அளவுக்கு உயர்ந்தவர். பிறகு நாட்டை விட்டு வெளிக்கிட்டு, பாரிசில் பத்து வருடம் ஓர் உணவகத்தின் பின்பக்கத்தில் பாத்திரம் கழுவி, அங்கிருந்து லண்டன் வந்து, மொத்த வியாபாரக் கிடங்கு ஒன்றில் அரிசி மூட்டை அடுக்கிக்கொண்டிருந்தார். கலியாணம் கட்டவில்லை. வீட்டுக்கு வருகிற எல்லாரும் அதைப் பற்றி ஒரு முறையாவது கேட்பார்கள். அவரும் ஒவ்வொரு முறையும், "பாப்பம்" என்பார்.

யாழ்ப்பாணத்தில் அவரோடு வேலை செய்த ஒருவர் ரொறன்ரோவில் தமிழ் வாரப்பத்திரிகை நடத்தினார். பலசரக்குக் கடை வாசலில் அடுக்கி வைத்திருப்பார்களே, காசில்லாமல் எடுத்துக்கொண்டு போகிற பத்திரிகை, அந்த வகை. ஒருநாள் அவர் போனில் சித்தப்பாவிடம் கேட்டாராம்: "கிரிக்கெட் எழுத இஞ்ச ஆயிரம் பேர் நிக்கிறாங்கள். பேஸ்போல் எழுத ஒருத்தனும் இல்லை. வேலைத்தலத்தில வெள்ளைக்காரரோட கதைக்கச் சனத்துக்கு அதுதான் தேவை. நீ எழுதன்."

சித்தப்பா அதுவரை பேஸ்போல் மட்டையைக் கையால் தொட்டதில்லை. கனடாவையும் பார்த்ததில்லை. எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டார்.

அவர் எழுதிய விதத்தை நான் பார்த்திருக்கிறேன். சனிக்கிழமைகளில் ஹரோவில் எனக்குத் தமிழ் வகுப்பு. கூட்டிக்கொண்டு போவது சித்தப்பாவின் பொறுப்பு. என்னை வகுப்பில் விட்டுவிட்டு நூலகத்துக்குப் போவார். அங்கே கணினி ஓர் ஆளுக்கு ஒரு மணித்தியாலம். ஆட்டம் முடிந்ததும் இணையத்தில் போடுகிற புள்ளி அட்டவணையை எடுத்து அச்சடித்துக்கொண்டு மூலை மேசையில் போய் இருப்பார். ஒன்பது இனிங்ஸ், அவற்றின் கீழே வெறும் இலக்கங்கள். சாத்திரிமார் சாதகக் கட்டத்தைப் பார்த்து ஒருவனுடைய பிறப்பிலிருந்து கலியாணம் வரை சொல்வதைப்போல, அந்தக் கட்டங்களைப் பார்த்து முழு ஆட்டத்தையும் கட்டி எழுப்புவார். வகுப்பு முடிந்து நான் நூலகத்துக்குப் போகும்போது சீ.ஆர். கொப்பியில் நாலு பக்கம் நிரம்பியிருக்கும். கிங்ஸ்பரி திரும்பியதும் போன் கார்ட் விற்கிற கடையிலிருந்து ரொறன்ரோவுக்கு ஃபக்ஸ் போகும்.

அந்தக் கொப்பிகள் இப்போது என்னிடம்தான் இருக்கின்றன. "மாலை வெயில் மேற்குப் பக்க இருக்கைகளில் சாய்ந்துகொண்டிருந்தது. எறிவாளர் தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்தார். எட்டாயிரம் பேர் ஒரே மூச்சை இழுத்துப் பிடித்தார்கள்" என்று ஒரு பக்கத்தில் இருக்கிறது. அட்டவணையில் வெயில் கிடையாது, நெற்றியும் கிடையாது. எட்டாயிரம் பேர் மட்டும் இருந்தார்கள்.

புனைபெயர் வெளிக்களத்தான். பத்திரிகையில் தலைப்புக்குக் கீழே "மைதானத்திலிருந்து வெளிக்களத்தான்" என்று வரும். 'மைதானத்திலிருந்து' என்று போட்டது ஆசிரியர். சித்தப்பா போடச் சொல்லவில்லை. எடுக்கவும் சொல்லவில்லை.

வீட்டில் எனக்கு மட்டும் இது தெரியும். "ஆரிட்டையும் சொல்லிப்போடாதை மோனை. அப்பாவுக்குத் தெரிஞ்சா, சம்பளமில்லாத வேலை என்னத்துக்கெண்டு கேப்பார். அம்மாவுக்குத் தெரிஞ்சா மாமாவுக்குத் தெரியும். மாமாவுக்குத் தெரிஞ்சா ரொறன்ரோ முழுக்கத் தெரியும். பிறகு ஆர் இதை வாசிப்பினம்?" என்று பஸ்ஸின் மேல்தட்டில் வைத்துச் சொன்னார். நான் தலையில் கைவைத்துச் சத்தியம் பண்ணினேன். என் தலையில்தான். அவர் தலை எட்டவில்லை.

சடங்குக்குப் பத்து நாள் முன்பே மாமா வந்துவிட்டார். அம்மாவின் ஒரே அண்ணன். கார்க் கதவு செய்கிற தொழிற்சாலையில் லைன் லீடர். சூட்கேஸிலிருந்து மேப்பிள் மரத்துச் சீனிப்பாணிப் போத்தல்களை எடுத்து அம்மாவிடம் கொடுத்தார். அவற்றைச் சுற்றியிருந்த பத்திரிகைத் தாள்களை எறியவில்லை. ஒவ்வொன்றாகத் தொடையில் வைத்துத் தடவி நிமிர்த்தினார்.

"மச்சான், இதை நீங்கள் வாசிக்க வேணும்," என்று அப்பாவிடம் நீட்டினார். "எழுத்தெண்டா இது எழுத்து. பக்கத்தில குந்தியிருந்து சொல்லுற மாதிரிக் கிடக்கும். திங்கக்கிழமை டீ பிரேக்கில சூப்பர்வைசர் 'மட்ச் பாத்தியோ' எண்டு கேப்பான். நான் இதில வாசிச்சதை இங்கிலிஷில சொல்லுவன். அவன் வாயைத் திறந்துகொண்டு நிப்பான். சும்மா கதையில்லை, இந்தாளாலதான் நான் லைன் லீடரானது."

சித்தப்பா இடியப்பம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். "ஆரண்ணை எழுதுறது?" என்று கேட்டார். நான் சிரிப்பை அடக்க மேசைக்குக் கீழே குனிந்தேன்.

"வெளிக்களத்தான். சொந்தப் பேர் ஒருத்தருக்கும் தெரியாது. யாழ்ப்பாணத்து ஆள், தமிழைப் பாத்தா விளங்குது. பெரிய உத்தியோகத்தில இருக்க வேணும். சீசன் டிக்கெட் வைச்சிருக்கிறானாம்."

"இருக்கும், இருக்கும்," என்று சித்தப்பா சொதியை ஊற்றிக்கொண்டார். காதுமடல் இரண்டும் சிவந்திருந்தன. அவரை அவ்வளவு சந்தோசமாக நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

மாமா இன்னொரு தாளை எடுத்தார். "இதாலதான் ஒரு வில்லங்கம். மே மாதம் நடந்த மட்ச். மழை வந்து இருபது நிமிசம் ஆட்டம் நிண்டது, சனம் குடை விரிச்சது, சின்னப்பிள்ளையள் துள்ளினதுகள் எண்டு வடிவா எழுதியிருக்கிறான். நான் போய்ச் சொன்னா அவங்கள் விழுந்து விழுந்து சிரிக்கிறாங்கள். அந்த மைதானத்துக்குக் கூரை இருக்காம், மூடித் திறக்கிற கூரை. அண்டைக்கு மூடிக்கிடந்ததாம். நான் விடேல்லை. எங்கட ஆள் நேர பாத்து எழுதினது, நேர பாத்தவன் பொய் எழுதுவானோ எண்டு இந்தத் தாளையே கொண்டுபோய்க் காட்டினன்."

சித்தப்பாவின் கை தட்டிலேயே நின்றது.

"நீங்கள் ஒருக்காவும் போய்ப் பாக்கேல்லையோ அண்ணை?"

"எனக்கெங்க நேரம்? சனிக்கிழமை ஓவர்டைமை விடச் சொல்லுறீரோ?"

அடுத்த சனிக்கிழமை பஸ்ஸில் சித்தப்பா வெளியே ஒவ்வொரு கூரையாகப் பார்த்துக்கொண்டு வந்தார். பிறகு கேட்டார்: "டேய், மைதானத்துக்கு ஆரும் கூரை போடுவாங்களே?"

"எங்கட ஸ்கூல் ஜிம்முக்குப் போட்டிருக்கு."

இதை முன்னமே சொல்லியிருக்கக்கூடாதா என்பதுபோல என்னைப் பார்த்தார்.

சடங்குக்கு முதல்நாள் பின்னேரம் வீட்டில் கால் வைக்க இடமில்லை. குசினியில் பெரியம்மா பயத்தம்பணியாரம் சுட்டுக்கொண்டிருந்தார். ஹோலில் வந்தவர்களுக்குக் கொடுக்கிற பைகளில் கற்கண்டு போட்டுக் கட்டிக்கொண்டிருந்தார்கள். சித்தப்பா தரையில் சம்மணம் போட்டு, தட்டுகளைச் சுற்ற மினுங்கல் தாளை வெட்டிக்கொண்டிருந்தார். மாமா சோபாவில் இருந்தார். நாளைக்கு அவருடைய நாள். தாய்மாமன் பிள்ளையின் தலையில் பாலும் அறுகம்புல்லும் வைத்துத் தண்ணீர் வார்க்காமல் சடங்கு இல்லை. அந்தப் பெருமை அவருக்கு முதல்நாளே வந்துவிட்டிருந்தது.

"என்ன தம்பி, பேப்பர் வெட்டுறீரோ," என்று சித்தப்பாவைப் பார்த்துத் தொடங்கினார். "வெட்டும், வெட்டும். ஐரோப்பா முழுக்கச் சுத்தி, கடைசியில தமையன்ரை வீட்டுப் பெட்டி அறைக்குள்ள வந்து நிக்கிறீர். படுத்துக்கொண்டு காலை நீட்டினா கதவு பூட்டாதாம், மெய்யோ?"

எல்லாரும் சிரித்தார்கள். சித்தப்பாவும் சிரித்தார்.

"அந்த வெளிக்களத்தானை எடும். உம்மடை வயசுதான் இருக்கும், உம்மடை ஊர்தான். அவன் எங்க நிக்கிறான், நீர் எங்க நிக்கிறீர்? ஒரே தண்ணியைக் குடிச்சுத்தானே வளந்தனீங்கள்?"

மறுபடியும் சிரிப்பு. சித்தப்பா கத்தரிக்கோலை நேர்கோட்டிலேயே ஓட்டிக்கொண்டிருந்தார்.

"சித்தப்பாதான் வெளிக்களத்தான்!" என்று கத்தினேன்.

ஒருவரும் நம்பவில்லை. பாரிஸ் மாமி என் கன்னத்தைக் கிள்ளினார். அதுதான் என்னை இன்னும் கிளப்பியது. படியேறி ஓடினேன். கட்டிலுக்குக் கீழே இருந்த கொப்பிகளில் மேலே கிடந்ததை இழுத்துக்கொண்டு வந்து மாமாவின் மடியில் போட்டேன். பின்னாளில் எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பல்கலைக்கழகம் போனவன் நான். ஆதாரமில்லாமல் ஒரு வரியும் எழுதக்கூடாது என்று அங்கே சொல்லித்தந்தார்கள். எனக்கு அது புதிதாகத் தெரியவில்லை.

மாமா கொப்பியைப் புரட்டினார். தனக்குப் பாடமான வரிகளைக் கண்டிருக்க வேண்டும், உதடுகள் அசைந்தன. ஒரு நிமிடம், ஒரு நிமிடம்தான், அவர் முகத்தில் வந்தது கோபமில்லை. சித்தப்பாவை நிமிர்ந்து பார்த்தார், முன்பின் கண்டிராத ஒருவரைப் பார்ப்பதுபோல. நான் வென்றுவிட்டேன் என்று நினைத்தேன்.

பிறகு அவர் அந்த மே மாதப் பக்கத்துக்கு வந்தார். அட்டவணைத் தாள் அங்கே ஒட்டியிருந்தது. 'தாமதம், இருபது நிமிடம்' என்ற இடத்தைச் சித்தப்பா பென்சிலால் வட்டமிட்டு, பக்கத்தில் எழுதியிருந்தார்: மழை?

"இது என்ன," என்றார் மாமா. "இந்தக் கேள்விக்குறி என்ன?"

சித்தப்பா எழுந்து நின்றார். "தாமதம் எண்டுதான் போட்டிருந்தது அண்ணை. ஏனெண்டு போடேல்லை. மட்ச் இடையில நிக்குதெண்டா... மழைதானே?"

யாழ்ப்பாணத்தில் கிரிக்கெட் எழுதிவிட்டு லண்டனில் குடியிருக்கிற ஒருவருக்கு ஆட்டம் நிற்க வேறு காரணம் தோன்றாது என்பது இப்போது எனக்கு விளங்குகிறது. அன்றைக்கு அங்கே நின்ற ஒருவருக்கும் விளங்கவில்லை.

"மூண்டு மாசம்," என்றார் மாமா. "மூண்டு மாசமா அவங்கள் என்னை அம்பிரெல்லா எண்டு கூப்பிடுறாங்கள். எனக்குக் கீழ வேலை செய்யிற பெடியங்கள். நான் கன்டீனுக்குள்ள போனா ஒருத்தன் கையை மேல தூக்கிக் குடை விரிச்சுக் காட்டுவான். உம்மடை எழுத்துக்காக நான் சண்டை பிடிச்சனான். நீர் இஞ்ச இருந்துகொண்டு கேள்விக்குறி போட்டிருக்கிறீர்!"

பாரிஸ் மாமிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாயைப் பொத்தினார், ஆனால் சத்தம் வெளியே வந்துவிட்டது. அந்தச் சிரிப்பு வராமல் இருந்திருந்தால் எல்லாம் அதோடு முடிந்திருக்கும் என்று அம்மா இன்றைக்கும் சொல்வார்.

மாமா எழுந்தார். "நாளைக்கு இந்தாள் மண்டபத்துக்கு வந்தா நான் தண்ணி வார்க்கமாட்டன்."

அம்மா அப்பாவைப் பார்த்தார். அப்பா கற்கண்டுப் பைகளைப் பார்த்தார். அம்மாவுக்கு வேறு அண்ணன் தம்பி இல்லை. அக்காவுக்கு வேறு தாய்மாமன் இல்லை. மண்டபத்துக்குக் காசு கட்டியாயிற்று, இருநூறு பேருக்குச் சொல்லியாயிற்று. சித்தப்பா அப்பாவுக்கு ஒரே தம்பிதான். ஆனால் சித்தப்பா இல்லாமலும் சடங்கு நடக்கும்.

சித்தப்பா குனிந்து, மிச்சமிருந்த கடைசித் தாளையும் வெட்டி முடித்தார். கத்தரிக்கோலை மேசையில் வைத்தார்.

"எனக்கும் நாளைக்கு ஷிப்ட் கிடக்கு," என்றார்.

அவர் ஒரு மாதத்துக்கு முன்பே லீவு போட்டிருந்தார். அது எல்லாருக்கும் தெரியும்.

மறுநாள் மாமா பட்டு வேட்டி கட்டி, பால் அறுகு வைத்து, அக்காவின் தலையில் தண்ணீர் வார்த்தார். கமராக்காரன் இன்னொரு முறை வார்க்கச் சொன்னான், வார்த்தார். திரும்பி வந்ததும் அம்மா தந்த சாப்பாட்டுப் பார்சலை நான் பெட்டி அறைக்குக் கொண்டுபோனேன். சித்தப்பா கட்டிலில் இருந்தார். அன்றைக்குப் போட அயன் பண்ணி வைத்த சேர்ட் கதவில் தொங்கியது.

"அக்கா வடிவா இருந்தவளோ?"

"ஓம்."

"மாமா வடிவா வார்த்தவரோ?"

"ஓம். ரெண்டு தரம்."

"அப்ப சரி," என்று பார்சலைப் பிரித்தார். ஏசுவார் என்று வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். ஏசவில்லை. கோபமில்லையாக்கும் என்று கீழே விளையாட ஓடிவிட்டேன்.

அதற்குப் பிறகு சனிக்கிழமைகளில் அவர் நூலகத்துக்குப் போகவில்லை. என் வகுப்பு முடியும்வரை பஸ் தரிப்பிடத்தில் இருந்தார். பத்திரிகையில் 'வெளிக்களத்தான் ஓய்வெடுக்கிறார்' என்று நாலு வரி வந்ததாம். அடுத்த வாரம் அந்த இடத்தில் ஒரு நகைக்கடை விளம்பரம். ரொறன்ரோ திரும்பிய மாமா டீ பிரேக்கில் கன்டீனுக்குப் போகாமல் காருக்குள் இருந்து தேநீர் குடிக்கிறார் என்று அவர் மனைவி அம்மாவுக்குப் போனில் சொன்னார். சூப்பர்வைசர் கேட்டால் சொல்ல அவரிடம் ஒன்றுமில்லை. இரண்டு செய்தியும் எனக்குத் தெரியும். இரண்டையும் நான் சேர்த்துப் பார்க்கவில்லை.

அடுத்த வசந்தத்தில் ஒரு சனிக்கிழமை, இரவு எட்டு மணி இருக்கும். போன் அடித்தது. நான்தான் எடுத்தேன். அந்தப் பக்கம் ஒரே இரைச்சல்.

"உன்ரை சித்தப்பனைக் கூப்பிடு," என்றார் மாமா.

சித்தப்பா கையைத் துடைத்துக்கொண்டு வந்து போனை வாங்கினார். இரைச்சலில் மாமா கத்திப் பேசியதால் பக்கத்தில் நின்ற எனக்கும் கேட்டது.

"தம்பி, கூரை இண்டைக்குத் திறந்துதான் கிடக்கு."

சித்தப்பா பக்கத்திலிருந்த கதிரையை இழுத்து இருந்தார்.

"கேக்குதோ? திறந்து கிடக்கு. நல்ல வெயில். நான் மேல, கடைசி வரிசையில இருக்கிறன். தனியத்தான் வந்தனான். ஒரு இழவும் விளங்கேல்லை. இப்ப எல்லாரும் ஒரேயடியா எழும்பி நிக்கிறாங்கள். ஆட்டம் நிண்டுபோச்சு. மழையும் இல்லை. என்னத்துக்கு எழும்புறாங்கள்? நானும் எழும்ப வேணுமோ?"

"எத்தினையாவது இனிங்ஸ் அண்ணை?"

"பலகையில ஏழு எண்டு கிடக்கு."

"அப்ப எழும்புங்கோ." சித்தப்பாவும் எங்கள் ஹோலில் கதிரையை விட்டு எழுந்துவிட்டார். "ஏழாவது இனிங்ஸ் நடுவில எல்லாரும் எழும்பி நாரி, முதுகை நிமித்துவினம். அது அங்கத்தை வழக்கம். பயப்பிடாதேங்கோ. பாட்டு ஒண்டும் பாடுவினம். வாயை அசைச்சாக் காணும்."

பிறகு இரண்டு பேரும் ஆட்டம் முடியும்வரை போனை வைக்கவில்லை. அங்கே இருந்தவர் கண்டதைச் சொன்னார். அது என்ன என்று இங்கே இருந்தவர் சொன்னார். மாமா குறை கண்டுபிடிக்கத்தான் எடுத்திருக்கிறார் என்று நான் நினைத்தேன். சித்தப்பா அழுததைக் கண்டதும் அது உறுதியென்று நினைத்து, மாமாமேல் எனக்குச் சரியான கோபம் வந்தது. அவர் ரொறன்ரோவில் பதினாறு வருடம் இருந்தும் அந்த வாசலுக்குள் ஒருநாளும் நுழையாததற்குக் காரணம் ஓவர்டைம் இல்லை என்பதோ, எப்போது எழும்புவது என்று தெரியாத பயம் ஒரு பெரிய மனிதருக்கும் இருக்கும் என்பதோ எனக்கு அந்த வயதில் எட்டவில்லை.

இரண்டு வாரம் கழித்துப் பத்தி மறுபடியும் வந்தது. தலைப்புக்குக் கீழே 'லண்டனிலிருந்து வெளிக்களத்தான்' என்று இருந்தது. இந்த முறை அதைப் போடச் சொன்னது சித்தப்பா. பத்திரிகை நிற்கும்வரை ஆறு வருடம் அப்படியேதான் வந்தது.

அந்த முதல் ஆட்டத்துக்கு மாமாவுக்கு டிக்கெட் பதினாலு டொலர். போன் பில் நூற்றுப் பன்னிரண்டு.